ஹோப்ஸ் நிறுத்தத்தில் நின்றுபோன ஒரு கோரிக்கை

தமிழ்நாடு அரசின் உயர்கல்வித் துறை அமைச்சர் அவர்களுக்கு,

கோயம்புத்தூர் கணபதியில் லேத் பட்டறை நடத்துகிறவன் எழுதுகிறேன்.

கோல்டுவின்ஸ் முதல் உப்பிலிபாளையம் வரை அவினாசி ரோட்டின் மேலே 10 கிலோமீட்டருக்குப் போட்ட மேம்பாலத்தை 2025 அக்டோபரில் ஜி.டி. நாயுடு பெயரில் அரசு திறந்தது. சிக்னலுக்குச் சிக்னல் நின்று ஊர்ந்த தூரத்தை இன்றைக்கு நிற்காமல் கடக்கிறோம். நேரம் வீணாவதைப் பொறுக்காத மனிதருக்குப் பொருத்தமான மரியாதை அது, நன்றி. அதே பாலத்தின் அடியில், அவர் கேட்டுக் கிடைக்காத ஒன்றும் இருக்கிறது. அதைத் திரும்பக் கேட்கவே இந்த மடல்.

டவுன் பஸ் கண்டக்டர்கள் ‘ஹோப்ஸ்’ என்று குரல் கொடுக்கும் நிறுத்தத்தைச் சொல்கிறேன். சென்னை மாகாண கவர்னராக இருந்த ஆர்தர் ஹோப்பின் பெயர் அது. நாயுடுவின் முயற்சியாலும் கொடையாலும் 1945இல் ஹோப்பின் பெயரில் இங்கே பாலிடெக்னிக்கும் பொறியியல் கல்லூரியும் வந்தன. கல்லூரிக்கு நாயுடுவே முதல்வர். இத்தனைக்கும் கலங்கல் கிராமத்தில் பள்ளிப் படிப்பைச் சின்ன வயசிலேயே விட்டவர். ஓட்டலில் சர்வராக இருந்து காசு சேர்த்து, வெள்ளைக்கார அதிகாரி ஒருவர் ஓட்டிய ரட்ஜ் மோட்டார் சைக்கிளை விலைக்கு வாங்கி, அக்கக்காகக் கழற்றி மாட்டித் தொழில் கற்றவர். பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே ஒற்றை பஸ் விட்டு, அதை யு.எம்.எஸ். என்ற பெரிய கம்பெனியாக வளர்த்தவர்.

முதல்வர் நாற்காலியில் உட்கார்ந்ததும் அவர் சொன்னது, அன்றைய அதிகாரிகளுக்கு நடக்காத காரியமாகத் தெரிந்திருக்கும். நான்கு வருஷப் படிப்பு பையன்களின் ஆயுளை வீணாக்குகிறது, இரண்டு வருஷம் தாராளம் என்றார். அதோடு, வேலைக்குப் போகிறவர்களுக்காக இரண்டு ஷிப்டாக வகுப்பு நடத்தித் தருகிறேன் என்றும் சொன்னார். பிரிட்டிஷ் அரசு ஒப்பவில்லை. நாயுடு ராஜினாமா செய்துவிட்டு வெளியேறினார். கல்லூரி பிறகு தடாகம் ரோட்டுக்குப் போய், இன்றைக்கு அரசு தொழில்நுட்பக் கல்லூரியாக உங்கள் துறையின் கீழ் நிற்கிறது.

இரண்டு வருஷம் எல்லோருக்கும் போதும் என்று நான் வாதாட வரவில்லை. கணக்கும் வெப்பவியலும் தலையில் இறங்க நாள் பிடிக்கும்; பள்ளியிலிருந்து நேராக வருகிற பிள்ளைக்கு நான்கு வருஷம் வேண்டியதுதான். நாயுடுவின் வேகத்தை எல்லோருக்கும் அளவாக வைக்க முடியாது. ஆனால் அவர் சொன்ன இரண்டாவது விஷயத்தை, அந்த ஷிப்டை, நாம் கைவிட்டது பெரிய தப்பு.

என் அக்கா மகன் கதையைச் சொல்கிறேன். டிப்ளமோ முடித்து ஆறு வருஷமாக ஒரு பம்ப் கம்பெனியில் இருக்கிறான். டிராயிங்கைப் பார்த்ததுமே எந்த இடத்தில் ஜாப் நடுங்கும் என்று சொல்லிவிடுவான். வேலை பார்த்துக்கொண்டே படிக்கப் பகுதிநேர பி.இ. இருக்கிறதே என்று ஒரு கல்லூரியில் சேர்ந்தான். மூன்றரை வருஷப் படிப்பு, வகுப்பு சாயங்காலம். கம்பெனியிலோ ஒரு வாரம் காலை ஆறு முதல் இரண்டு, மறு வாரம் இரண்டு முதல் பத்து. பாதி வாரங்கள் அவனால் வகுப்பில் இருக்க முடியாது. வாத்தியார்கள் அன்பாகத்தான் இருந்தார்கள். வருகைப் பதிவேடு இளகவில்லை. மூன்றாவது செமஸ்டரில் நின்றுவிட்டான். படிப்பு ஏறாமல் நின்றிருந்தால் நான் இதை எழுதியிருக்க மாட்டேன். கேட்டால், “விடுங்க மாமா, அடுத்த வருசம் பாத்துக்கலாம்” என்பான். மூன்று வருஷமாக அதையேதான் சொல்கிறான்.

ஆலைச் சங்கு ஊதியே விடிந்த ஊர் இது. இங்கே மில்லும் பவுண்டரியும் ஷிப்டில்தான் ஓடுகின்றன. இந்த ஊரில் தொழிலாளிக்கென்று நடத்தும் வகுப்பு மட்டும் சாயங்காலத்தில் ஒரே இடத்தில் நிற்கிறது. பீளமேட்டுத் தொழிற்சாலைகளை உள்ளிருந்து அறிந்தவர் என்பதால்தான் நாயுடு 1945லேயே இரண்டு ஷிப்ட் என்றார்.

நான் கேட்பது இவ்வளவுதான். அவர் தொடங்கிய அதே கல்லூரியில், பகுதிநேரப் படிப்பின் ஒவ்வொரு பாடத்தையும் காலையிலும் மாலையிலும் ஒருமுறை நடத்தச் சொல்லுங்கள். எந்த வேளையில் வந்து உட்கார்ந்தாலும் வருகையாக எழுதட்டும். பட்டறையில் கை பழகிய வேலைக்கு ஒர்க்‌ஷாப், லேப் வகுப்பு எதற்கு? பரீட்சை வைத்துப் பாருங்கள். மெஷினில் நிறுத்திச் செய்யச் சொல்லுங்கள். தேறினால் அந்த மணி நேரத்தைக் கழித்துவிடுங்கள். தேறாதவன் உட்கார்ந்து படிக்கட்டும். மூன்றரை வருஷம் ஒருத்தனுக்கு இரண்டரையாகலாம், இன்னொருத்தனுக்கு நான்காகலாம். கூடுதல் ஆசிரியர்களுக்குச் செலவாகும், பல்கலைக்கழக விதிகளைத் திருத்த வேண்டியிருக்கும், தெரிந்தேதான் கேட்கிறேன். ஒரே ஒரு துறையில், ஒரே ஒரு வருஷம் நடத்திப் பாருங்கள். இயந்திரவியலில் தொடங்கினால் மாணவர்களைத் தேட வேண்டியிருக்காது. கணபதி, பீளமேடு, சிட்கோவில் நானே பட்டறை பட்டறையாகப் போய்ச் சொல்கிறேன்.

இந்த வாரம் என் மருமகனுக்கு இரண்டாவது ஷிப்ட். காலை பத்து மணிக்கு வீட்டில் சும்மாதான் இருப்பான். தடாகம் ரோட்டுக்கு வண்டியில் அரை மணி நேரம்.

இப்படிக்கு,
கணபதியிலிருந்து ஒரு பட்டறைக்காரன்