திரும்பி வர முடியாத உரிமை

1981 ஆகஸ்ட் 3 அன்று அமெரிக்காவின் விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர்கள் சுமார் 13,000 பேர் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். அன்றே அதிபர் ரொனால்ட் ரீகன் பணிக்குத் திரும்ப 48 மணி நேரக் கெடு விதித்தார். கெடு முடிந்ததும் 11,345 பேர் பணிநீக்கம் செய்யப்பட்டனர். மத்திய அரசின் விமானப் போக்குவரத்துத் துறையின் கதவு அவர்களுக்கு வாழ்நாள் முழுவதற்குமாக அடைக்கப்பட்டது. அக்டோபரில் அவர்களது சங்கமான பேட்கோவின் அங்கீகாரமும் பறிக்கப்பட்டது. உறுதியான நிர்வாகத்துக்கு இதை உதாரணமாகக் காட்டுவோர் இன்றும் இருக்கிறார்கள். நம் பார்வையில் இது அநீதி. அதன் விலையை அந்த 11,345 குடும்பங்கள் மட்டும் கொடுக்கவில்லை.

அரசுத் தரப்பில் இருந்த நியாயத்தை முதலில் சொல்லிவிட வேண்டும். மத்திய அரசு ஊழியர்கள் வேலைநிறுத்தம் செய்வதை அமெரிக்கச் சட்டம் தடை செய்கிறது. அதில் ஈடுபட மாட்டோம் என்று உறுதிமொழி கொடுத்தே அவர்கள் பணியில் சேர்ந்தார்கள். ஆண்டுக்கு 10,000 டாலர் ஊதிய உயர்வு, வாரத்துக்கு 32 மணி நேர வேலை என்ற கோரிக்கைகளும் சிறியவை அல்ல. சட்டத்தை மீறியவர்கள் அதற்குப் பதில் சொல்லத்தான் வேண்டும்.

ஆனால், தண்டனைக்கு ஓர் அளவு உண்டு. அந்த அளவு என்ன என்பதை அமெரிக்காவே பதினோரு ஆண்டுகளுக்கு முன்பு காட்டியிருந்தது. 1970 மார்ச்சில் அஞ்சல் ஊழியர்கள் சுமார் 2 லட்சம் பேர் இதே தடையை மீறி வேலையை நிறுத்தினார்கள். அதிபர் நிக்சன் கடிதங்களைப் பிரிக்க நியூயார்க்குக்குப் படையினரை அனுப்பினார். கூடவே பேச்சுவார்த்தைக்கும் வழி திறந்தார். ஊதியம் உயர்ந்தது. கூட்டுப் பேர உரிமை அதே ஆண்டில் சட்டமானது. வேலைநிறுத்தம் செய்ததற்காக யாருடைய வேலையும் போகவில்லை. ஒரே குற்றத்துக்கு அன்று பேச்சுவார்த்தை, பின்னர் வாழ்நாள் தடை என்றால், பின்னதைச் சட்டத்தின் கடமை என்று எப்படி ஏற்பது?

ரீகனுக்குத் தொழிலாளர் போராட்டம் தெரியாத விஷயமல்ல. 1960இல் திரைப்பட நடிகர் சங்கத் தலைவராக இருந்து வேலைநிறுத்தத்தை நடத்தியவர் அவர். நடிகர்களின் ஓய்வூதியத்துக்கும் மருத்துவக் காப்பீட்டுக்கும் அந்தப் போராட்டமே வழிசெய்தது. 1980 தேர்தல் பிரசாரத்தில் போலந்துத் தொழிலாளர்களின் துணிவைப் போற்றினார். பழைய கருவிகளையும் ஆள் பற்றாக்குறையையும் சரிசெய்வதாக அந்த அக்டோபரில் பேட்கோ தலைவர் ராபர்ட் போலிக்குக் கடிதம் எழுதினார். அதை நம்பிய சங்கம் அவரை ஆதரித்தது. ஓராண்டில் அந்தச் சங்கத்தின் அங்கீகாரமே பறிபோனது.

இந்த அநீதியின் வேர் இன்னும் ஆழத்தில் இருக்கிறது. இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு எழுந்த வேலைநிறுத்த அலையில், 1946இல் மட்டும் சுமார் 46 லட்சம் தொழிலாளர்கள் பங்கேற்றனர். மறு ஆண்டே, அதிபர் ட்ரூமன் மறுத்தும் கேளாமல், நாடாளுமன்றம் டாஃப்ட்-ஹார்ட்லி சட்டத்தை நிறைவேற்றிச் சங்கங்களின் கையைக் கட்டியது. அதற்கும் முன்னால், 1938இல், உச்ச நீதிமன்றம் மேக்கே வானொலி நிறுவன வழக்கில் ஒரு வழி திறந்துவிட்டிருந்தது: தனியார் நிறுவனத்தில் வேலைநிறுத்தம் செய்பவரைப் பணிநீக்கம் செய்யக் கூடாது, ஆனால், அவர் இடத்தில் வேறொருவரை நிரந்தரமாக அமர்த்திக்கொள்ளலாம். வேலையை இழந்து நிற்பவருக்கு இந்த இரண்டுக்கும் என்ன வேறுபாடு?

நெடுங்காலம் பெரிய முதலாளிகள் இந்த ஆயுதத்தை எடுக்கத் தயங்கினர். 1981இல் அதிபரே வழிகாட்டிய பிறகு தயக்கம் விலகியது. 1983இல் அரிசோனாவின் ஃபெல்ப்ஸ் டாட்ஜ் தாமிரச் சுரங்கங்கள், 1985இல் மினசோட்டாவின் ஹார்மல் இறைச்சி ஆலை, 1987இல் மெய்ன் மாநிலத்தின் ஜே ஊர் காகித ஆலை என்று ஒவ்வோர் இடத்திலும் மறியலில் நின்றவர்களின் வேலை மாற்றாட்களுக்குப் போனது. கருங்காலி என்ற சொல் அண்ணன் தம்பிகளையும் அண்டை வீட்டாரையும் பிரித்தது. ஆயிரம் பேருக்கு மேல் பங்கேற்ற வேலைநிறுத்தங்கள் 1952இல் 470. 2009இல் வெறும் 5. தொழிலாளர்களின் குறைகள் தீர்ந்ததால் வந்த அமைதி அல்ல இது. வேலை போய்விடும் என்ற அச்சத்தால் வந்தது.

தொழிற்சங்கங்களுக்கும் இதில் பங்கு உண்டு. 1981 செப்டம்பர் 19 அன்று வாஷிங்டனில் இரண்டரை லட்சம் பேர் திரண்டு ஆதரவு முழக்கமிட்டார்கள். ஆனால் விமானிகளும் பழுதுபார்க்கும் தொழிலாளர்களும் தங்கள் வேலையைத் தொடர்ந்தார்கள். விமானங்கள் பறந்தன. பக்கத்து மேசைக்காரருக்காக ஒரு நாள் ஊதியத்தை இழக்கத் துணியாத ஒற்றுமை, பிறகு எல்லோருக்கும் இழப்பாக முடிந்தது.

1993இல் அதிபர் கிளின்டன் கட்டுப்பாட்டாளர்கள் மீதான வாழ்நாள் தடையை நீக்கினார். பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து வந்த அந்த நீதியால் திரும்ப முடிந்தவர்கள் சிலரே. நிரந்தர மாற்றாட்களைத் தடுக்கும் மசோதா 1991இலும் 1993இலும் பிரதிநிதிகள் சபையில் நிறைவேறியும் செனட்டில் முடங்கியது. அது சட்டமாக வேண்டும். வேலைக்குத் திரும்பும் உரிமை இல்லையென்றால் வேலைநிறுத்த உரிமைக்குப் பொருளில்லை.

போராடியவர்களின் குறைகள் உண்மையானவை என்பதற்கு வலுவான சாட்சியம் அந்தக் கட்டுப்பாட்டுக் கோபுரங்களிலிருந்தே வந்தது. நீக்கப்பட்டவர்களின் நாற்காலிகளில் அமர்த்தப்பட்ட புதியவர்களும் அதே ஆள் பற்றாக்குறையையும் அதே ஓய்வற்ற பணியையும் சந்தித்தார்கள். 1987இல் அவர்களே வாக்களித்துத் தங்களுக்கென ஒரு புதிய சங்கம் அமைத்தார்கள்.