பள்ளிப் பிள்ளைகளின் பசி

செல்வம் மிகுந்த தேசங்களில் குழந்தைகளுக்கு வறுமை இராதென்று நம்மவரிற் பலர் எண்ணுகின்றனர். அது பிழை. 2021-ல் அமெரிக்க சர்க்கார் குழந்தைகளுள்ள குடும்பங்களுக்கு அளித்துவந்த வரிச்சலுகையை உயர்த்திற்று; குழந்தை வறுமை நூற்றுக்கு 5.2 ஆகத் தாழ்ந்தது. அவ்வுதவி அவ்வருஷத்தோடு நின்றது. 2022-ல் வறுமை 12.4 ஆக ஏறிற்று. அங்கே பஞ்சம் வந்ததில்லை. கொடுத்த கை பின்வாங்கியதே காரணம்.

விளாங்குடி வாசிகளுக்கு இது தூரதேசத்துக் கதையன்று. சில மைல் தொலைவிலுள்ள மதுரை சிம்மக்கல் பள்ளியில்தான் 2022 செப்டம்பர் 15-ல் காலை உணவுத் திட்டம் தொடங்கிற்று. முதலில் 1,545 பள்ளிகள்; பின்னர் தமிழ்நாடெங்கும் பரவிற்று. விடியுமுன் கூலிக்குச் செல்லும் தாய்மாரின் கவலை இதனால் எவ்வளவு குறைந்ததென்பதை நாம் விரித்துரைக்க வேண்டுவதில்லை.

ஆயினும் குறையைச் சொல்லுவது நம் கடமை. மதிய உணவுக்கு 2013-ம் வருஷத்து உணவுப் பாதுகாப்புச் சட்டம் காவல் நிற்கிறது. எட்டாம் வகுப்பு வரை அது பிள்ளையின் உரிமை. காலை உணவோ சர்க்கார் உத்தரவால் பிறந்தது. ஐந்தாம் வகுப்பே எல்லையென வகுக்கப்பட்டது. ஆறாம் வகுப்பு ஏறிய பிள்ளைக்குப் பசி நின்றுவிடுமா? உத்தரவால் வந்தது உத்தரவால் போகலாம். அமெரிக்கா காட்டும் பாடம் அதுவே. காலை உணவையும் சட்டமாக்குக! இதைத் தர்மமென்று எவரும் எண்ணற்க. குழந்தைகளுக்குத் தேசம் பட்ட கடன் இது.