‘நசீர்’ திரைப்படத்தில் ஒலிபெருக்கி

சிறுகதைக்கும் அதன் திரைவடிவத்திற்கும் இடையிலான ஒப்பாய்வு, தமிழாய்வுகளில் பெரும்பாலும் நிகழ்வுகளின் சேர்க்கை, நீக்கம் ஆகியவற்றைப் பட்டியலிடுவதோடு நின்றுவிடுகிறது. அருண் கார்த்திக்கின் ‘நசீர்’ (2020) அம்முறைக்கு அடங்காதது. திலீப்குமாரின் ‘ஒரு குமாஸ்தாவின் கதை’யைத் தழுவிய இப்படம், 2020 ரோட்டர்டாம் திரைப்பட விழாவில் நெட்பேக் விருது பெற்றது.

படத்தில் நிகழ்வுகள் மிகக் குறைவு. கோவைத் துணிக்கடை விற்பனையாளரான நசீர் மனைவியை வழியனுப்புகிறார். வாடிக்கையாளர்க்குச் சேலைகளை விரித்துக் காட்டுகிறார். குறுகிய 4:3 சட்டகத்திற்குள் அவருடைய அன்பும் கவிதையும். அதற்கு வெளியே, தெருவில், ஒலிபெருக்கிகளின் மதவெறுப்புப் பேச்சு. இதனை வெறும் பின்னணி ஒலியாகக் கொள்வது பிழை என்பது என் துணிபு. தொல்காப்பியர் கருப்பொருள் வரிசையில் பறையையும் வைத்தார். ஒலியும் நிலத்தின் பகுதியே. கருப்பொருள் வழியாக உரிப்பொருளுக்குப் புறத்தே தோன்றும் குறிப்பு இறைச்சி. ஒலிபெருக்கி இங்கு ஆற்றும் பணி அதுவே. (திரைப்படத்திற்கு இலக்கணம் தேடுவது வலிந்த பொருத்தம் என்பார் உளர், கேளாமல் விடுவதினும் அது மேல்.)

இறுதியில் கும்பலால் நிகழும் கொலை திடுமென வருவதாகக் கூறப்படுவதுண்டு. கதைச்சுருக்கத்தை மட்டும் நோக்குவார்க்கு அவ்வாறே தோன்றும். ஒலியைத் தொடர்ந்து கேட்டுவந்தவர்க்கு அது முன்னரே தொடங்கிவிட்டது.