கசிவது எங்கிருந்து?

மைசூரிலிருந்து வடக்கே கிளம்பினால் ஏறக்குறைய 80 கி.மீ. தொலைவில் சிரவணபெளகொள. மேற்கே கிளம்பினால் கிட்டத்தட்ட அதே தூரத்தில் பைலகுப்பே. முதல் ஊரில் ஒற்றைக்கல் கோமடேசுவரர். இரண்டாவதில், 1960-களின் தொடக்கத்திலிருந்து திபெத்திய அகதிகள் எழுப்பிய பௌத்த மடங்கள். மைசூருக்கு வரும் சுற்றுலாப் பயணிகள் அரண்மனையையும் சாமுண்டி மலையையும் முடித்துக்கொண்டு இந்த இரண்டு ஊர்களுக்கும் ஒரு நடை போய் வருகிறார்கள். இரண்டு இடத்து நூல்களிலும் ஒரே சமஸ்கிருதச் சொல் எதிரெதிர்த் திசையில் ஓடிக்கொண்டிருக்கிறது என்பதை எந்த வழிகாட்டியும் அவர்களிடம் சொல்வதில்லை.

'ஆஸ்ரவம்' என்பது அந்தச் சொல். 'ஸ்ரு' என்ற வினைக்கு ஓடுதல், ஒழுகுதல் என்று பொருள். பிராகிருதத்திலும் பாலியிலும் இது 'ஆசவ' என்று மாறும். ஜைனருக்கு இது உள்ளே வரும் ஓட்டம். பௌத்தருக்கோ பெரும்பாலும் வெளியே கசியும் ஒழுக்கு. ஒரு திசை மாற்றம்தானே என்று தள்ளிவிட முடியாது. உடம்பை என்ன செய்வது, பட்டினி கிடப்பதால் பயன் உண்டா, செத்துப்போவதிலும் முறை உண்டா என்பதெல்லாம் இந்தத் திசையோடு கட்டுண்டு கிடக்கின்றன. அண்மைக் காலத்தில் விவகாரம் சுப்ரீம் கோர்ட் வரை போயிற்று.

முதலில் ஜைனர் கணக்கு. மற்ற இந்தியத் தத்துவங்களில் வினை என்பது கண்ணுக்குப் புலப்படாத ஒரு விளைவு, ஒரு பதிவு. ஜைனத்தில் அது பொருள்; தூசியைப் போல, தூசியைவிட மிக நுண்ணிய பொருள். உலகம் முழுக்க அது நிறைந்திருக்கிறது. உடம்பும் வாக்கும் மனமும் அசையும்போதெல்லாம் உயிரை நோக்கி அது ஓடி வருகிறது. இந்த மூன்றின் அசைவுக்கு 'யோகம்' என்று பெயர், அதுவே ஆஸ்ரவம் என்கிறது உமாஸ்வாதியின் 'தத்துவார்த்த சூத்திரம்'. பதஞ்சலியின் யோகத்தைப் படித்துவிட்டு வருபவர் இங்கே திகைத்து நிற்க வேண்டியதுதான். அங்கே யோகம் அடங்குவது, இங்கே அலைவது.

ஓடி வந்த தூசி ஒட்டுமா, உதிருமா என்பதைத் தீர்மானிப்பவை கோபம், மானம், மாயை, லோபம் ஆகிய நான்கு கஷாயங்கள். ஈரச் சுவரில் புழுதி அப்பிக்கொள்கிறது, காய்ந்த சுவரில் பட்டு உதிர்ந்துவிடுகிறது என்பது உரைகாரர்களுக்குப் பிடித்த உவமை. இதில் நல்ல காரியங்களுக்கும் விலக்கு இல்லை. தானம் செய்தாலும் உள்ளே வரவு உண்டு. அது புண்ணியம் என்ற தலைப்பில் வருகிறது, அவ்வளவுதான். சம்சாரக் கணக்கில் அதுவும் பாரமே.

விடுதலைக்கு வழி? 'உத்தராத்தியயன சூத்திரம்' ஓர் ஏரியைக் காட்டுகிறது. நீர்வரத்தை அடைத்துவிட்டால், இருக்கும் தண்ணீரை இறைத்தும் வெயிலில் காயவிட்டும் ஏரியை வற்றச் செய்யலாம். வரத்தை அடைப்பது 'சம்வரம்'. தேங்கியதை வற்றச் செய்வது 'நிர்ஜரை'; அதற்கான வெயில் தவம். தமிழ்ச் சமணர்கள் இந்தக் கலைச்சொற்களை அப்படியே கடன் வாங்கிக்கொண்டு நின்றுவிடவில்லை. ஆஸ்ரவத்தை ஊற்று என்றார்கள், சம்வரத்தைச் செறிப்பு என்றார்கள், நிர்ஜரையை உதிர்ப்பு என்றார்கள். பந்தம் கட்டு ஆயிற்று, மோட்சம் வீடு ஆயிற்று. இன்று கலைச்சொல் குழுக்கள் மாதக்கணக்கில் கூடியும் இவ்வளவு சிக்கனமாக ஒரு தொகுதியைச் செய்துவிட முடியுமா என்பது சந்தேகமே.

இனி பைலகுப்பே. அங்குள்ள சேரா மடத்தில் இளம் பிக்குகள் கையைத் தட்டி, காலை ஓங்கி மிதித்து வாதம் செய்யும் காட்சியைப் பலர் பார்த்திருப்பார்கள். அவர்கள் பாடத்திட்டத்தில் வசுபந்துவின் 'அபிதர்மகோசம்' உண்டு. அந்த நூல் தொடக்கத்திலேயே உலகத்தை இரண்டாகப் பிரிக்கிறது: ஆஸ்ரவத்தோடு கூடியவை, ஆஸ்ரவம் அற்றவை. திபெத்திய மொழிபெயர்ப்பாளர்கள் இதற்கு வைத்த சொல் 'ஸக்பா'. ஒழுகுதல், கசிதல் என்று பொருள். சீன மொழிபெயர்ப்பாளர்களும் கூரை ஒழுகுகிறது என்று சொல்லப் பயன்படும் எழுத்தையே இதற்கும் எடுத்துக்கொண்டார்கள். வசுபந்துவின் விளக்கத்தில் கண், காது, மூக்கு, நாக்கு, உடல், மனம் ஆகிய ஆறும் ஆறு புண்கள். அவற்றின் வழியே கசிவது ஆஸ்ரவம்.

கசிவது என்ன? ஆசை, இருக்க வேண்டும் என்ற வேட்கை, அறியாமை. பாலி நூல்கள் காம ஆசவம், பவ ஆசவம், அவிஜ்ஜா ஆசவம் என்று மூன்றாக எண்ணும்; கொள்கைப் பிடிவாதத்தைச் சேர்த்து நான்காக்குவதும் உண்டு. இவை தீர்ந்தவரே அருகர். 'க்ஷீணாஸ்ரவர்', அதாவது கசிவு வற்றியவர், என்பது அவருக்கு இன்னொரு பெயர்.

இங்கே பொருள் எதுவும் வந்து சேரவில்லை. சேர்வதற்கு ஓர் உயிரும் இல்லை. பௌத்தம் ஆன்மாவை ஒப்புக்கொள்வதில்லை. அப்படியானால் 'ஓட்டம்' என்ற சொல் அங்கே எதற்கு? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டவர் ஜெர்மானிய அறிஞர் ஹெர்மன் யாகோபி. ஜைன சூத்திரங்களை ஆங்கிலத்தில் தந்தவர். 1914-ல் சமயக் கலைக்களஞ்சியம் ஒன்றில் ஜைனம் பற்றி எழுதிய கட்டுரையில் அவர் வாதம் எளிமையானது: ஜைனர் இச்சொல்லை நேர்ப்பொருளில் ஆள்கிறார்கள், ஏனென்றால் அவர்களிடம் உண்மையிலேயே ஓடிவர ஒரு பொருள் இருக்கிறது, அது வந்து சேர ஓர் உயிர் இருக்கிறது. பௌத்தரிடம் இரண்டும் இல்லை. ஆகவே சொல்லைக் கடன் வாங்கியவர்கள் பௌத்தர்களே. ஜைனரின் வினைக் கோட்பாடு புத்தருக்கும் முந்தியது.

ஜைனம் பௌத்தத்தின் கிளை என்று ஐரோப்பியர் சிலர் எழுதிக்கொண்டிருந்த காலம் போய் அதிக நாள் ஆகாத வேளை அது. ஒரே சொல்லை வைத்து அந்தக் கருத்தின் மீது யாகோபி போட்ட அடி பலமானது. ஆனாலும் ஒரு சந்தேகம் எஞ்சுகிறது. இச்சொல் அன்றைய துறவிகள் அனைவருக்கும் பொதுச் சொத்தாக இருந்திருக்கலாம் அல்லவா? அசோகரின் மூன்றாவது தூண் சாசனத்தைப் படித்தால் இந்தச் சந்தேகம் வலுக்கிறது. டில்லி பெரோஷா கோட்லாவில் நிற்கும் தூணிலும் அது இருக்கிறது. கடுமை, கொடுமை, கோபம், மானம், பொறாமை ஆகியவை 'ஆசினவ'த்துக்கு இட்டுச்செல்பவை என்கிறார் பேரரசர். அவர் பௌத்தர். சொல்லின் வடிவமோ ஜைனப் பிராகிருதத்துக்கு நெருக்கமானது என்று சாசன அறிஞர் பூலர் காட்டினார். கோபமும் மானமும் ஜைனர் சொல்லும் கஷாயங்களிலும் முதல் இரண்டு. கடன் பத்திரம் யார் பெயரில் என்று தீர்ப்புச் சொல்வது அவ்வளவு எளிதல்ல.

மைசூர் இந்த விவாதத்துக்குப் புதிய ஊர் அல்ல. 1891-ல் கீழ்த்திசை நூலகமாகத் தொடங்கிய நிறுவனத்தில் ஓலைச்சுவடிகள் குவிந்தன. கௌடில்யரின் அர்த்தசாஸ்திரம் உலகுக்குக் கிடைத்தது அங்கிருந்துதான். அந்நூலகத்தில் வேலை பார்த்து, பிறகு மகாராஜா கல்லூரியில் சமஸ்கிருதம் கற்பித்த எம். ஹிரியண்ணா, மைசூர்ப் பல்கலைக்கழகத்தில் நடத்திய பாடங்களை 1932-ல் 'அவுட்லைன்ஸ் ஆஃப் இண்டியன் ஃபிலாஸஃபி' என்ற நூலாக்கினார். ஜைனத்துக்கும் ஆரம்ப பௌத்தத்துக்கும் அதில் தனித்தனி அத்தியாயங்கள். அலட்டல் இல்லாத அந்தப் புத்தகத்தை இன்றும் மாணவர்கள் விலை கொடுத்து வாங்குகிறார்கள். பின்னாளில் இதே பல்கலைக்கழகம் ஜைனவியலுக்கும் பிராகிருதத்துக்கும் ஒரு துறை வைத்து, ஏ.என். உபாத்யேயை அழைத்துவந்து தலைமை தாங்கச் சொன்னது.

மீண்டும் ஓட்டத்தின் திசைக்கு. அது உடம்பைப் பற்றிய சண்டையாக மாறுவதைப் பாலி மஜ்ஜிம நிகாயத்தின் உபாலி சூத்திரத்தில் பார்க்கலாம். மகாவீரரின் சீடர் ஒருவர், உடலால் செய்யும் குற்றமே மிகப் பெரியது என்று புத்தரிடம் சாதிக்கிறார். மனத்தால் செய்வதே பெரியது என்கிறார் புத்தர். கதையில் வெற்றி யாருக்கு என்று சொல்ல வேண்டியதில்லை, எழுதியவர்கள் பௌத்தர்கள். தமிழில் நீலகேசி அதே சண்டையை மறுபக்கத்திலிருந்து போட்டு, குண்டலகேசியில் தொடங்கி புத்தர் வரை வரிசையாகத் தோற்கடித்தது. கணக்கு சரியாகிவிட்டது என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் வாதத்தின் உள்ளீடு தெளிவானது. வினை வெளியிலிருந்து வரும் பொருள் என்றால், அது நுழையும் கதவான உடம்பை அடக்கத்தான் வேண்டும்; நோன்பு அர்த்தமுள்ளது. வினை மனத்தின் கசிவு என்றால் உடம்பை வாட்டி என்ன பயன்?

சிரவணபெளகொளயில் கோமடேசுவரருக்கு எதிரே இருக்கும் சிறிய மலை சந்திரகிரி. கூட்டம் பெரிய மலைக்கே போகிறது. சந்திரகிரிப் பாறைகளில் சுமார் கி.பி. 600 தொடங்கி, உண்ணா நோன்பிருந்து உயிர் விட்டவர்களின் பெயர்கள் பொறிக்கப்பட்டிருக்கின்றன. துறவிகள், பெண் துறவிகள், பின்னர் இல்லறத்தார். சல்லேகனை என்ற இந்த முறையை வடக்கே சந்தாரா என்பார்கள். வெறுப்பாலோ விரக்தியாலோ அல்லாமல், உடல் இனி அறத்துக்கு உதவாது என்ற நிலையில், உணவைப் படிப்படியாகக் குறைத்து இறப்பது.

இது தற்கொலைதானே என்ற கேள்வி ஜெய்ப்பூரில் பிறந்தது அல்ல. கன்னட நாட்டோடு மரபு தொடர்புபடுத்தும் பூஜ்யபாதர், தத்துவார்த்த சூத்திர உரையிலேயே இதை எடுத்துப் பதில் சொல்லியிருக்கிறார். விருப்பு, வெறுப்பு, மயக்கம் ஆகியவற்றின் வசப்பட்டு விஷத்தாலோ ஆயுதத்தாலோ உயிரை மாய்ப்பதே தற்கொலை. நோன்பிருப்பவரிடம் அவை இல்லை. வணிகன் எவனும் தன் கிடங்கு அழிவதை விரும்புவதில்லை. அழிவு தவிர்க்க முடியாதது என்றானபின் கிடங்கை விட்டுச் சரக்கைக் காப்பாற்றப் பார்க்கிறான். ஆஸ்ரவக் கணக்கில் இதைப் படித்தால் இன்னும் விளங்கும். தற்கொலையில் கஷாயம் கொதிக்கிறது, சுவர் ஈரமாக இருக்கிறது, தூசி அப்புகிறது. சல்லேகனை கடைசி மதகையும் அடைக்கும் வேலை.

ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் 2015 ஆகஸ்ட் 10-ல் சந்தாராவைத் தற்கொலை முயற்சியாகவும் அதற்கு உதவுவதைத் தூண்டுதலாகவும் கருத வேண்டும் என்று தீர்ப்பளித்தது. ஜைனர்கள் பல நகரங்களில் மௌன ஊர்வலம் போனார்கள். அதே மாதம் 31-ம் தேதி சுப்ரீம் கோர்ட் அந்தத் தீர்ப்புக்குத் தடை விதித்தது. மதத்துக்கு இது இன்றியமையாததா என்பதே உயர் நீதிமன்றத்தில் முன்னின்ற கேள்வி. அப்படிக் கேட்டால் பதில் கிடைப்பது கடினம். எல்லா ஜைனர்களும் இப்படி இறப்பதில்லை. செயலின் பின்னே என்ன மனநிலை இருக்கிறது என்று பூஜ்யபாதர் கேட்ட கேள்வி கூர்மையானது. ஆனால் அதற்குச் சாட்சி சொல்ல நோன்பிருப்பவரைத் தவிர ஆள் இல்லை. முதுமையில், நோயில், உறவினர் சூழ்ந்திருக்க எடுக்கும் முடிவில் எது துறவு, எது சலிப்பு, எது வீட்டார் விருப்பம்? எதிர்த்து வழக்குப் போட்டவர்களின் கவலையை ஒதுக்கிவிட முடியாது.

ஜைனர்களே மனநிலையை எவ்வளவு தூரம் உள்ளே கொண்டுவந்தார்கள் என்பது வேடிக்கையானது. ஓடிவரும் பொருளை திரவிய ஆஸ்ரவம் என்றும், அதை வரவழைக்கும் உள்ளத்தின் நிலையைப் பாவ ஆஸ்ரவம் என்றும் பிரித்தார்கள். (இந்தப் 'பாவம்' தீவினை அல்ல, உணர்வு நிலை.) குந்தகுந்தர் இதை எல்லைக்கே கொண்டுபோனார். விருப்பும் வெறுப்பும் மயக்கமுமே ஆஸ்ரவம், அறிந்தவனுக்கு அது இல்லை என்ற போக்கு அவருடைய 'சமயசார'த்தில் தெரிகிறது. வந்தவாசிக்குப் பக்கத்தில் பொன்னூர் மலையில் அவர் பாதங்கள் என்று தமிழ் ஜைனர்கள் வழிபடும் இடம் உண்டு. அந்நூலை ஆங்கிலத்தில் தந்த அ. சக்கரவர்த்தி, 1936-ல் நீலகேசியைப் பதிப்பித்த அதே தமிழ் ஜைனர். குந்தகுந்தரின் இன்னொரு நூலான 'பிரவசனசார'த்தை 1935-ல் நீண்ட முன்னுரையோடு பதிப்பித்தவர், பின்னாளில் மைசூருக்கு வந்த உபாத்யே.

பௌத்தரும் எதிர்க்கரையிலிருந்து நகர்ந்து வந்திருக்கிறார்கள். ஆசவங்களைத் தீர்க்கும் வழிகளை அடுக்கும் சப்பாசவ சூத்திரத்தில் சரியாகப் பார்ப்பது முதலிடம் பெற்றாலும், புலனடக்கம் அடுத்து வருகிறது. அதற்குப் பெயர் அதே 'சம்வரம்'. குளிரையும் பசியையும் பொறுப்பது, மதம் பிடித்த யானையை விட்டு விலகிப் போவது எல்லாம் பட்டியலில் உண்டு. மனம் மட்டும் போதும் என்று சொன்னவர்களுக்கும் உடம்போடு குடித்தனம் நடத்தித்தான் ஆக வேண்டியிருந்தது.

இச்சொல் தமிழ் வீடுகளிலும் இருக்கிறது என்று யாராவது சொன்னால் நம்பலாம், பாதி மட்டும். நாட்டு மருந்துக் கடையில் விற்கும் திராட்சாசவத்தின் 'ஆசவம்' வேறு வேரிலிருந்து வந்தது. புளிக்கவைத்து வடித்த பானம் என்று பொருள். பாலியில் இரண்டும் ஒரே உச்சரிப்பில் வந்து நின்றன. 5-ம் நூற்றாண்டு உரைகாரர் புத்தகோஷர் வாய்ப்பை விடவில்லை: நெடுநாள் ஊறிய கள்ளைப் போன்றவை என்பதாலும் இவை ஆசவம் என்றார். காஞ்சிபுரத்தில் ஜோதிபாலர் என்ற பிக்குவோடு தாம் தங்கியதைத் தம் உரை ஒன்றின் முடிவில் குறித்தவர் அவர். ஆங்கில மொழிபெயர்ப்புகளில் புண், கறை, போதை என்றெல்லாம் இச்சொல் தடுமாறுவதற்கு இந்த இரட்டை வேரும் ஒரு காரணம். தமிழில் பாலி நூல்களைத் தருபவர்கள் 'மாசு', 'களங்கம்' என்று எழுதிவிட்டு நகர்கிறார்கள். பொருள் தவறில்லை, ஆனால் தண்ணீர் காணாமல் போய்விடுகிறது, அதோடு ஜைனரோடு போட்ட சண்டையும். 'கசிவு' என்று போட்டால் திபெத்தியரும் சீனரும் செய்ததற்குப் பக்கத்தில் வரலாம். 'ஊற்று' இன்னும் அழகு. ஆனால் அதைச் சமணர்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே எடுத்துக்கொண்டுவிட்டார்கள். நிலத்தின் உள்ளிருந்து சுரக்கும் நீருக்குப் பெயரான சொல்லை, வெளியிலிருந்து உள்ளே வரும் ஓட்டத்துக்கு அவர்கள் ஏன் தேர்ந்தார்கள் என்பது தனி ஆராய்ச்சிக்குரியது.