பட்டா இருக்கிறது, மனை எங்கே?

கேள்வி: 1998-ல் ஆதிதிராவிடர் நலத்துறை மூலம் என் அம்மாவுக்கு 3 சென்ட் இலவச வீட்டுமனைப் பட்டா கிடைத்தது. இன்றுவரை இடத்தை அளந்து காட்டவில்லை. நிலத்தின் பழைய உரிமையாளர் அதில் வேர்க்கடலை விதைத்து வருகிறார். அம்மா காலமாகிவிட்டார். வீடு கட்டாததால் பட்டா செல்லாது என்கிறார்கள். உண்மையா?
- வாசகி, திருவண்ணாமலை மாவட்டம்.

பதில்: பட்டா தானாகச் செல்லாமல் போகாது. குறிப்பிட்ட காலத்துக்குள் வீடு கட்ட வேண்டும் என்ற நிபந்தனை இத்தகைய பட்டாக்களில் வழக்கமாக அச்சிடப்பட்டிருக்கும். அதை மீறினாலும் அறிவிப்புக் கொடுத்து, விளக்கம் கேட்டு, எழுத்துப்பூர்வமாக உத்தரவிட்டுத்தான் ரத்து செய்ய முடியும். மனையையே அளந்து காட்டாத நிலையில் வீடு கட்டவில்லை என்று குறை சொல்வது எப்படி நியாயமாகும்? விளக்கத்தில் முதலில் எழுத வேண்டியது இதைத்தான்.

உண்மையான ஆபத்து கணக்கில் இருக்கிறது. இந்தப் பட்டாக்களை வழங்கியது ஆதிதிராவிடர் நலத் தனி வட்டாட்சியர். கிராமக் கணக்கு இருப்பதோ தாலுகா அலுவலகத்தில். பல ஊர்களில் முதல் அலுவலகம் கொடுத்த பட்டா இரண்டாவது அலுவலகத்தின் கணக்கில் ஏறவே இல்லை. உட்பிரிவும் செய்யப்படவில்லை. அதனால் பழைய உரிமையாளர் பெயரே சிட்டாவில் தொடர்கிறது. அடங்கலில் அவர் பெயரில் வேர்க்கடலை என்றும் பதிவாகிறது. அடங்கல் என்பது பயிர் செய்தவரைக் காட்டும் கணக்கு. அது உரிமைப் பத்திரம் ஆகாது.

1978-ஆம் ஆண்டு தமிழ்நாடு அரிசன நலத் திட்டங்களுக்கான நில எடுப்புச் சட்டப்படி எடுக்கப்பட்ட நிலம், வில்லங்கம் எதுவுமின்றி அரசுக்குச் சேர்ந்துவிடும். இழப்பீடு போதவில்லை என்றால் பழைய உரிமையாளர் நீதிமன்றம் போகலாம், அதற்காக ஏர் பூட்ட முடியாது. ஆனால் நில எடுப்பை எதிர்த்து அவர் தடையாணையோ ரத்து உத்தரவோ வாங்கியிருந்தால் நிலைமை வேறு. முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது அதுதான். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன் தனி வட்டாட்சியருக்கு விண்ணப்பித்து நில எடுப்பு உத்தரவு, பயனாளிகள் பட்டியல், மனை வரைபடம், வழக்கு விவரம் ஆகியவற்றின் நகல்களைக் கேட்கலாம். 30 நாளில் பதில் தர வேண்டும்.

நகல்கள் வந்ததும் வாரிசுச் சான்றுடன் பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றவும், மனையை அளந்து கல் நடவும், கிராமக் கணக்கில் ஏற்றவும் வாசகி வட்டாட்சியரிடம் மனு கொடுக்க வேண்டும். அதே பட்டியலில் உள்ள மற்றவர்களும் சேர்ந்து கொடுத்தால் நில அளவர் வருவது எளிது. ஒரே மனைக்காக அவர் சங்கிலி தூக்கி வருவது அபூர்வம். ஜமாபந்தியிலும், திங்கள்கிழமை குறைதீர்க்கும் நாளிலும் மனு கொடுத்து ரசீது வாங்கி வைக்க வேண்டும். வாய்மொழி உறுதிக்கு மதிப்பில்லை.

இனியும் காத்திருக்கக் கூடாது. எதிரிடை அனுபவம் என்ற வாதத்துக்குக் காலவரம்புச் சட்டத்தில் தனியார் நிலத்துக்கு 12 ஆண்டும், அரசு நிலத்துக்கு 30 ஆண்டும் கணக்கு. 1998-லிருந்து எண்ணினால் 2028. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் இதைக் கட்டாயம் எடுப்பார். பட்டியல் சாதியினருக்கும் பெண்களுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம்.

இதற்கிடையே, 'பட்டாவைக் கொடு, ஏதோ ஒரு தொகை தருகிறேன்' என்று யாராவது வரக்கூடும். நிபந்தனைப் பட்டாவை வெள்ளைத் தாளில் விற்றால் அதுவே ரத்துக்குக் காரணமாகிவிடும். வாங்கியவருக்கும் மனை நிலைக்காது. கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் வீடு கட்டக் கிடைக்கும் 3.5 லட்சம் ரூபாய்க்கும் சொந்தப் பெயரில் பட்டா மனை வேண்டும் என்பதை வாசகி மறக்க வேண்டாம்.