பந்து இருந்தது... ஆட்டம் இல்லை!



போன ஞாயிற்றுக்கிழமை பெருங்குடி ஸ்டேஷனில் பறக்கும் ரயிலுக்காகக் காத்திருந்தேன். பக்கத்தில் உங்கள் வயதில் ஒரு பையன். தோளில் பெரிய கிரிக்கெட் பை. முகமோ வாடிப் போயிருந்தது.

"என்ன தம்பி, மேட்ச்ல தோத்துட்டீங்களா?" என்று கேட்டேன்.

"தோத்திருந்தாக்கூடப் பரவாயில்லை அங்கிள். மேட்ச்சே நடக்கலை. மழைன்னு டோர்னமென்ட்டையே நிறுத்திட்டாங்க. அடுத்த வருஷம் எனக்கு வயசு தாண்டிடும். இந்தப் பிரிவுல ஆடவே முடியாது."

"நீ பேட்ஸ்மேனா, பவுலரா?"

"லெஃப்ட் ஆர்ம் ஸ்பின்."

'உழைத்தால் பலன் கிடைத்தே தீரும்' என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. சொல்லவில்லை. அவன் உழைக்காமலா இருந்தான்? தினமும் விடியற்காலையில் எழுந்து பந்து போட்டிருக்கிறான். மழை பெய்தது அவன் குற்றமா? பெரியவர்கள் நாங்கள் இப்படித்தான். பதில் தெரியாத இடத்தில் பழைய வாசகம் ஒன்றை எடுத்து நீட்டி விடுவோம்!

அதற்குப் பதிலாக, அவனைப் போலவே இடது கையால் சுழல் பந்து வீசிய ஒருவரின் கதையைச் சொல்ல ஆரம்பித்தேன். பாதி கூடச் சொல்லவில்லை, திருமயிலை வந்து விட்டது. பையன் இறங்கி விட்டான். விட்ட கதையை இங்கே தொடர்கிறேன். நீங்களும் கேளுங்கள்.

அவர் பெயர் ஏ.ஜி.ராம்சிங். 1910ல் பிறந்தவர். சீக்கியர், தலைப்பாகை கட்டிக் கொண்டே ஆடுவார். பெயருக்கு முன்னால் இருக்கும் எழுத்துக்களைக் கவனித்தீர்களா? 'ஏ' என்றால் அமிர்தசரஸ், 'ஜி' என்றால் கோவிந்த்சிங். ஊர்ப் பெயரையும் அப்பா பெயரையும் இனிஷியலாகப் போடுவது நம் ஊர்ப் பழக்கம் அல்லவா? பஞ்சாபிக் குடும்பம் நம்மூர்க் குடும்பமாகவே ஆகி விட்டது என்பதற்கு அந்த இரண்டு எழுத்துக்களே சாட்சி!

1934 நவம்பர் 4, ஞாயிற்றுக்கிழமை. சேப்பாக்கம் மைதானம். ரஞ்சிக் கோப்பை என்று இன்று நாம் சொல்கிறோமே, அந்தப் போட்டியின் முதல் ஆட்டம். சென்னை அணியும் மைசூர் அணியும் மோதின. முதல் பந்தை வீசியவர் சென்னையின் எம்.ஜே.கோபாலன். ஆனால், மைசூரைச் சுருட்டியவர் ராம்சிங். முதல் இன்னிங்ஸில் 19 ரன்னுக்கு 6 விக்கெட். இரண்டாவது இன்னிங்ஸில் 16 ரன்னுக்கு 5 விக்கெட். மைசூர் எடுத்தது 48, பிறகு 59. சென்னை எடுத்தது 130 தான்; அதுவே இன்னிங்ஸ் வெற்றிக்குப் போதுமானதாக இருந்தது. பல நாள் ஆட வேண்டிய மேட்ச், காலையில் தொடங்கி அன்று சாயந்திரமே முடிந்து விட்டது!

இதில் ஒரு வேடிக்கை உண்டு. அதே ஆண்டு பிப்ரவரியில், அதே சேப்பாக்கத்தில் இந்தியாவும் இங்கிலாந்தும் ஆடின. அந்த மைதானத்தில் நடந்த முதல் டெஸ்ட் அதுதான். இங்கிலாந்தின் ஹெட்லி வெரிட்டி இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து எடுத்த விக்கெட்டுகள் எத்தனை தெரியுமா? 11. அவரும் இடது கைச் சுழல் பந்து வீச்சாளர்தான். ஒரே மைதானம், ஒரே ஆண்டு, ஒரே வகைப் பந்து, ஒரே எண்ணிக்கை!

வெரிட்டி 40 டெஸ்ட் ஆடினார். ராம்சிங் எத்தனை ஆடினார்?

ஒன்று கூட இல்லை.

ஏன் என்று கேட்பீர்கள். 1936ல் இந்திய அணி இங்கிலாந்து போனது. சென்னையிலிருந்து கோபாலனும் கோட்டா ராமசாமியும் கப்பல் ஏறினார்கள். ராம்சிங்குக்கு இடமில்லை. சரி, வயது 26 தானே, இன்னும் காலம் இருக்கிறது என்று நினைத்திருக்கலாம். 1939-40 குளிர்காலத்தில் இங்கிலாந்து அணி இந்தியா வருவதாக ஏற்பாடு ஆனது. வீரர்களைக் கூடத் தேர்ந்தெடுத்து விட்டார்கள். 1939 செப்டம்பரில் இரண்டாம் உலகப் போர் மூண்டது. பயணம் ரத்து.

அப்புறம் ஆறு ஆண்டுகள் குண்டுச் சத்தம்தான். 1942 ஏப்ரலில் ஜப்பான்காரர்கள் வந்து இறங்கி விடுவார்கள் என்ற பீதியில் சென்னை மக்கள் மூட்டை முடிச்சுகளோடு வெளியூர்களுக்கு ஓடினார்கள். கூண்டை உடைத்துக் கொண்டு வெளியே வந்தால் ஆபத்து என்று மிருகக்காட்சி சாலையில் இருந்த சிங்கம், புலிகளைச் சுட்டே கொன்று விட்டார்கள். பாவம், அவற்றுக்கு ஜப்பான் ஏது, இங்கிலாந்து ஏது?

1936 ஆகஸ்டுக்கும் 1946 ஜூனுக்கும் இடையே இந்தியா ஆடிய டெஸ்ட்: பூஜ்யம். பந்து வீச்சாளரின் நல்ல வயது எது? 26 முதல் 36 வரை என்று வையுங்கள். ராம்சிங்கின் அந்தப் பத்து ஆண்டுகளும் அப்படியே போயின.

அந்த ஆண்டுகளில் அவர் என்ன செய்தார்? பந்து போட்டுக் கொண்டே இருந்தார்! நல்ல வேளையாக ரஞ்சிக் கோப்பை போரிலும் நிற்கவில்லை. அதில் 1,000 ரன்னும் 100 விக்கெட்டும் எடுத்த முதல் ஆட்டக்காரர் ராம்சிங்தான். ஐ.பி.எல். ஏலமும் கிடையாது, டிவியும் கிடையாது. அந்த விக்கெட்டுகளைப் பார்த்தவர்கள் மைதானத்துக்கு வந்தவர்கள் மட்டுமே.

போர் பலருடைய பந்தைப் பிடுங்கியது. அமெரிக்காவில் பேஸ்பால் என்று ஒரு விளையாட்டு. பந்தைத் தரையில் படாமல் வேகமாக எறிபவரை பிட்ச்சர் என்பார்கள். பாப் ஃபெல்லர் என்ற பெரிய பிட்ச்சர், 1941 டிசம்பரில் கடற்படையில் சேர்ந்தார். போர்க்கப்பலில் பீரங்கிப் பிரிவில் வேலை. ஏறக்குறைய நான்கு ஆண்டு ஆட்டம் போயிற்று. ஆனால், திரும்பி வந்து 1946ல் 348 பேரை வெளியேற்றினார். அவருக்கு ஆடுவதற்கு வயது மிச்சம் இருந்தது.

வெரிட்டி? இங்கிலாந்து போரில் இறங்குவதற்கு இரண்டு நாள் முன்பு, 1939 செப்டம்பர் 1ல், 9 ரன்னுக்கு 7 விக்கெட் எடுத்தார். அதுதான் அவருடைய கடைசி முதல்தர ஆட்டம். ராணுவத்தில் கேப்டன் ஆனார். இத்தாலியின் சிசிலித் தீவில் குண்டு பட்டு எதிரிகளிடம் பிடிபட்டு, 1943 ஜூலை 31ல் இறந்து போனார். வயது 38.

போர் முடிந்து 1946ல் இந்திய அணி மறுபடி இங்கிலாந்து புறப்பட்டபோது, இடது கைச் சுழலுக்கு ஒருவர் தயாராக இருந்தார். வினு மன்கட். ராம்சிங்கை விட ஏழு வயது இளையவர். அந்தப் பயணத்தில் ஆயிரத்துக்கு மேல் ரன், நூறுக்கு மேல் விக்கெட். அவரைத் தேர்ந்தெடுத்தது தவறு என்று யாரும் சொல்ல முடியாது. ராம்சிங்கும் தகுதியில்லாதவர் இல்லை. இரண்டுமே உண்மை. சில சமயம் அநியாயம் இப்படித்தான் நடக்கும். கை நீட்டித் திட்டுவதற்கு ஓர் ஆள் கூட அகப்படமாட்டார்.

ஆட்டத்தை விட்ட பிறகு ராம்சிங் இளைஞர்களுக்குப் பயிற்சி கொடுத்தார். 1955 நவம்பரில் ஹைதராபாத்தில் நியூசிலாந்துக்கு எதிராக ஒருவர் தன் முதல் டெஸ்டிலேயே ஆட்டமிழக்காமல் 100 ரன் எடுத்தார். பெயர் ஏ.ஜி.கிருபால்சிங். ராம்சிங்கின் மகன்! ஐந்தாண்டு கூட ஆகவில்லை, 1960 ஜனவரியில் சென்னையில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக இன்னொரு மகன் இறங்கினார். ஏ.ஜி.மில்கா சிங், வயது 18. (ஓட்டப் பந்தய வீரர் மில்கா சிங் வேறு. குழப்பிக் கொள்ளாதீர்கள்.) அப்பா விட்ட இடத்தைப் பிள்ளைகள் நிரப்பி விட்டார்கள் என்று சொல்லத் தோன்றும். எனக்கு அதில் முழுச் சம்மதமில்லை. அது அவர்கள் எடுத்த ரன், அவர்களுடைய தொப்பி. அப்பாவின் தொப்பி கிடைக்காதது கிடைக்காததுதான்.

1999ல் ராம்சிங் காலமானார். ரஞ்சிக் கோப்பையின் முதல் ஸ்கோர் பட்டியலை யார் எப்போது எடுத்துப் பார்த்தாலும், அந்த 6 விக்கெட்டும் 5 விக்கெட்டும் அவர் பெயருக்கு நேராகத்தான் இருக்கும்.

பெருங்குடித் தம்பி, மீதிக் கதை இதுதான். மறுபடி அந்த ரயிலில் வந்தால் பையிலிருந்து பந்தை எடுத்துக் கொண்டு வந்து உட்கார். எப்படிப் பிடித்துத் திருப்புகிறாய் என்று பார்க்க வேண்டும். அன்றைக்குக் கேட்க மறந்து விட்டேன்.

அன்புடன்,
ஆசிரியர்