கைப்பக்குவம் என்கிற கள்ளக்கணக்கு

போன வருஷம் பிராக் நகரத்தில் 90 யூரோ கொடுத்து உருளைக்கிழங்கு துருவினேன். நம்ம கணக்கில் 8,000 ரூபாய்க்கு மேல். அலுவலக வேலையாக மூனிக் போயிருந்தேன். ஒரு சனிக்கிழமை பஸ் பிடித்து பிராக்குக்குப் போய், சுற்றிப் பார்க்கிற எல்லாரும் செய்வதையெல்லாம் செய்துவிட்டு, 'பாரம்பரிய செக் சமையல் வகுப்பு' என்று ஒன்றிலும் சேர்ந்தேன். நாலு மணி நேரம், எட்டுப் பேர். சொல்லிக்கொடுத்த அம்மாவுக்கு என் அம்மா வயசு இருக்கும்.

முதலில் பிரம்போராக். துருவிய கிழங்கைப் பிழிந்து, முட்டை, மாவு, பூண்டு, மார்ஜோரம் என்கிற காய்ந்த இலை எல்லாம் சேர்த்து எண்ணெயில் வார்க்கிற அடை. அப்புறம் க்னெட்லீக். மாவோடு பழைய ரொட்டித் துண்டுகளைப் பிசைந்து, தலையணை மாதிரி உருட்டி வேகவைப்பது. வெந்ததைக் கத்தியால் வெட்டக் கூடாதாம், நசுங்கிவிடும். நூலை அடியில் விட்டு மேலே குறுக்காக இழுத்து அறுக்க வேண்டும். கடைசியில் ஸ்விச்கோவா. கேரட்டும் செலரிக் கிழங்கும் வெந்து கரைந்த பாலேட்டுக் குழம்பு, மாட்டுக்கறி மேலே ஊற்றித் தருவார்கள். நூலால் அறுக்கும்போது எடுத்த படத்தை இணையத்தில் போட்டேன்.

நண்பர்கள் வந்து குவிந்தார்கள். எல்லாருமே எழுதுகிறவர்கள், நிறையப் படிக்கிறவர்கள். 'காசு கொடுத்தா சமையல் கத்துக்கறது? அது அம்மாக்களோட கையில இருக்கிற விஷயம்யா.' 'பண்பாட்டைப் பொட்டலம் கட்டி விக்கிறான், நீயும் வாங்குற.' 'கைப்பக்குவத்துக்கு வகுப்பு கிடையாது நண்பா.' எல்லாவற்றுக்கும் விருப்பக்குறி போட்டேன். எனக்கும் கொஞ்சம் வெட்கமாகத்தான் இருந்தது.

அன்றைக்கு ராத்திரி நெரவியிலிருந்து அம்மா கூப்பிட்டாள். அக்கா படத்தைக் காட்டியிருக்கிறாள்.

"எவ்ளோ குடுத்த?"

சொன்னேன்.

"தலைக்கு அவ்ளோவா? எட்டுப் பேரா? அந்தம்மாவுக்கு நல்ல வரும்படிதான்." கொஞ்ச நேரம் பேச்சில்லை. அப்புறம், "இங்க நீ ஒரு வெங்காயம் உரிச்சதில்லயே தம்பி" என்றாள். கோபமெல்லாம் இல்லை. கணக்குச் சரிபார்க்கிற குரல்.

இந்தக் கட்டுரை அந்த நண்பர்களை எதிர்த்து எழுதுவது. அவர்களுக்கு விருப்பக்குறி போட்ட என்னையும் சேர்த்துத்தான். சமையல் வகுப்பில் போலித்தனம் உண்டு, அதற்கு வருகிறேன். ஆனால் சமையல் ஒரு வேலை, அதற்கு நேரம் உண்டு, விலை உண்டு, சொல்லிக்கொடுக்க முடியும் என்று ஒப்புக்கொள்கிற இடம் அது. நம்ம வீடுகளும் நம்ம இலக்கியமும் இதுவரை ஒப்புக்கொள்ளாத விஷயம் அது. 'கைப்பக்குவம்' என்ற சொல்லை வைத்துக்கொண்டு நாம் நடத்துவது கள்ளக்கணக்கு.

வடகத்திலிருந்து சொல்கிறேன். எங்க ஊரில் மீன்குழம்புக்கு உயிர் வடகம்தான். சித்திரை, வைகாசி வெயிலில் வருஷத்துக்கு ஒரு தடவை போடுவது. சின்ன வெங்காயத்தை உரித்து ஒன்றிரண்டாக இடித்து, பூண்டு, உளுந்து, கடுகு, வெந்தயம், சீரகம், மஞ்சள், கறிவேப்பிலை, உப்பு எல்லாம் கலந்து ஒரு ராத்திரி வைத்துவிடுவார்கள். மறுநாள் உருண்டை பிடித்து மாடியில் வேட்டி விரித்துக் காய வைப்பது. சாயங்காலம் எல்லாவற்றையும் அள்ளி, உதிர்த்து, திரும்பப் பிசைந்து வைப்பது. காலையில் மறுபடி உருண்டை, மறுபடி மாடி. ஒரு வாரம், பத்து நாள் இப்படியே. இடையில் விளக்கெண்ணெய் தடவ வேண்டும், பூச்சி அண்டாமல் இருக்க. நடுவில் ஒரு கோடைமழை வந்தால் அவ்வளவுதான், தெருவே மாடிக்கு ஓடும். ஐந்து கிலோ சின்ன வெங்காயம் உரிப்பதென்றால் இரண்டு பெண்களுக்கு ஒரு பகல் போய்விடும், நகக்கண்ணில் எரிச்சல் ரெண்டு நாளைக்கு இருக்கும். இப்படிச் செய்த உருண்டையில் ஒரு சிட்டிகை உதிர்த்து நல்லெண்ணெயில் தாளித்தால் வருகிற வாசனையைப் பற்றித்தான் நாம் கவிதை எழுதுகிறோம். நகக்கண்ணைப் பற்றி யாரும் எழுதவில்லை.

இதே வடகம் பாண்டிச்சேரி வழியாக பிரான்ஸுக்குப் போய் 'வாதுவான்' ஆகி, இன்றைக்கு மேற்கத்திய சமையல்காரர்கள் பிரெஞ்சு மசாலா என்று சொல்லிப் போடுகிற பொடியாகிவிட்டது. 1739-ல் பிரெஞ்சுக்காரர்கள் கைக்கு வந்த காரைக்கால், 1954 நவம்பர் 1 வரைக்கும் அவர்களிடம் இருந்தது. இரண்டு நூற்றாண்டுக்கு மேல் அவர்கள் சாப்பிட்டதற்கு இந்த ஒரு பொடியாவது போய்ச் சேர்ந்ததே என்று நினைத்துக்கொள்கிறேன். இதைப் பார்த்து நம்ம ஆட்கள் 'எங்கள் வடகத்தைத் திருடிவிட்டான்' என்று பொங்குகிறார்கள். சரி, பொங்கலாம். ஆனால் அந்த 'எங்கள்' யார்? பொங்குகிற ஆண்களில் எத்தனை பேர் உருண்டை பிடித்தார்கள்?

அம்மாவிடம் அளவு கேட்டால் "கண்ணளவுதான்" என்பாள். என் நண்பர்களுக்கு இது தேன். பார், அளவில்லாத கலை, எழுத முடியாத ஞானம்! நான் ஒரு சின்ன தராசு வாங்கிப்போய் அவள் கைக்குக் கீழே வைத்தேன். வெந்தயம் ஒரு பிடி அள்ளினாள், எடை பார்த்தேன். திரும்பக் கொட்டி மறுபடி அள்ளச் சொன்னேன். மூன்று தடவையும் கிட்டத்தட்ட ஒரே எடை. கண்ணளவு என்றால் அளவு இல்லை என்று அர்த்தமில்லை. நாற்பது வருஷம் ஒரே வேலையைச் செய்ததில் தராசு கைக்குள் போய்விட்டது, அவ்வளவுதான். ஒரு தச்சர் அளவுகோல் இல்லாமல் சட்டம் அறுத்தால் அதைத் தொழில்திறமை என்கிறோம், கூலி பேசுகிறோம். அம்மா செய்தால் அன்பு என்கிறோம், கூலியைப் பேச்சிலிருந்தே எடுத்துவிடுகிறோம். சொல்லித்தர முடியாதது என்று சொல்லிவிட்டால் கற்றுக்கொள்ளவும் வேண்டாம் பாருங்கள், எவ்வளவு வசதி.

சொல்லித்தர முடியும் என்று பெண்களே எப்போதோ காட்டிவிட்டார்கள். செக் மொழியில் மக்தலேனா தோப்ரொமிலா ரெட்டிகோவா 1826-ல் ஒரு சமையல் புத்தகம் போட்டார். படித்தவர்கள் ஜெர்மனில் பேசிக்கொண்டிருந்த காலம். அவர் செக்கில் எழுதினார். இளம்பெண்களை உட்காரவைத்துச் சமையலும் செக் வாசிப்பும் சேர்த்தே சொல்லிக்கொடுத்தார். அப்படிப் பார்த்தால் பிராகில் நான் போன வகுப்பில் பாரம்பரியமானது அந்த வகுப்புதான்! இங்கே எஸ். மீனாட்சி அம்மாள் 1951-ல் 'சமைத்துப் பார்' கொண்டுவந்தார். கல்யாணமாகிப் போகிற பெண்களின் பெட்டியில் அந்தப் புத்தகம் போனது. அளவு, பக்குவம், எத்தனை பேருக்கு என்று பிசிறில்லாமல் எழுதியிருப்பார். அதில் எங்க மீன்குழம்பு இருக்காது, அது பிராமண வீட்டுச் சமையல். யாருடைய சமையல் முதலில் புத்தகமாகிறது என்பது தனிச் சண்டை, அதை இன்னொரு நாள் போடலாம். எழுத முடியும் என்பது மட்டும் அன்றைக்கே தீர்ந்துபோன விஷயம்.

இப்போது போலித்தனம். பிராகில் தெருவுக்குத் தெரு கம்பியில் சுற்றிச் சுட்டு, சர்க்கரை தூவி, த்ர்தெல்னீக் என்று ஒன்று விற்கிறார்கள். 'பழைய பொஹீமிய மரபு' என்று பலகை. அது அந்த ஊர் மரபே கிடையாது, வேர் ஸ்லோவாகியாவிலும் ட்ரான்சில்வேனியா பக்கத்திலும் இருக்கிறது. சுற்றுலாக்காரர்கள் வந்த பிறகு பிராகில் முளைத்த பாரம்பரியம். நம்ம பக்கமும் இந்தக் கதை உண்டு. என்னோடு வேலை செய்யும் ஒரு வெளிநாட்டுக்காரரை பாண்டிச்சேரியில் ஒரு வகுப்புக்குக் கூட்டிப்போனேன். பெயர் வேண்டாம். தேங்காய் துருவி வைத்திருந்தது, மீன் ஆய்ந்து வைத்திருந்தது, மசாலா அரைத்து வைத்திருந்தது. வடகம் ஒரு கண்ணாடிக் குப்பியில் அழகாக உட்கார்ந்திருந்தது. வந்தவர்கள் எல்லாவற்றையும் ஒரு சட்டியில் கொட்டிக் கிளறிவிட்டு, கைதட்டி, படம் எடுத்துக்கொண்டார்கள். பின்கட்டில் ஒரு அக்கா பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தார். அந்த மூன்று மணி நேரத்தில் அவர் பெயரை யாரும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

ஆக, வகுப்புமேல் எனக்கும் வழக்கு உண்டு. ஆனால் என் நண்பர்களின் வழக்கு வேறு. விற்றார்கள் என்பது அவர்கள் குற்றச்சாட்டு. பின்கட்டு அக்காவுக்குப் பங்கு போனதா, வகுப்பை நடத்துகிற ஆளாக அவரே ஏன் இல்லை என்பது என் குற்றச்சாட்டு. விற்பதே பாவம் என்றால் அந்த அக்காவுக்கு ஒன்றும் கிடைக்கப்போவதில்லை. துலக்குவது மட்டும் மிச்சம்.

அன்புக்கு விலை போடலாமா என்று கேட்பார்கள். அன்பை விடுங்கள், நிமிஷத்தைப் பார்ப்போம். மத்திய அரசு 2019-ல் எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பில், வீட்டுவேலை செய்கிற பெண்கள் கூலியில்லாமல் அதற்குச் செலவிட்டது நாளைக்குச் சராசரியாக 299 நிமிஷம். செய்கிற ஆண்கள் 97 நிமிஷம். அதிலும் வீட்டுவேலையில் கை வைக்கிற ஆண்களே நாலில் ஒரு பங்குதான். எங்க ஊரிலிருந்து தெற்கே வாஞ்சூர் தாண்டினால் தமிழ்நாடு, நாகூர். அங்கே 2023 செப்டம்பர் 15-ல் மகளிருக்கு மாதம் 1,000 ரூபாய் தரத் தொடங்கினார்கள். உதவித்தொகை என்று சொல்லாமல் உரிமைத்தொகை என்று பெயர் வைத்தார்கள். பெயர் வரைக்கும் சரியான இடத்துக்கு வந்துவிட்டார்கள். தொகை எந்த அளவு என்று பார்க்க என் பிராக் ரசீது போதும்: அவர்களின் எட்டு மாசப் பணம் எனக்கு ஒரு மத்தியானம்.

ஆனி மாசம் காரைக்காலில் மாங்கனித் திருவிழா. சாமி ஊர்வலம் வரும்போது மாடிகளிலிருந்து மாம்பழம் வீசுவார்கள், சின்ன வயதில் சட்டையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடியிருக்கிறேன். கதை எல்லாருக்கும் தெரியும். பரமதத்தன் இரண்டு மாம்பழத்தை வீட்டுக்கு அனுப்புகிறான். பசியோடு வந்த சிவனடியாருக்குப் புனிதவதி அதில் ஒன்றைப் பரிமாறிவிடுகிறாள். சோறு ஆகியிருந்தது, கறி இன்னும் ஆகவில்லை. மத்தியானம் கணவன் மிச்சப் பழத்தைத் தின்றுவிட்டு இன்னொன்று கேட்க, இறைவன் அருளால் வந்த பழத்தை வைக்கிறாள். ருசி மாறுகிறது. அப்போதுதான் அவன் கேட்கிறான், இது எங்கிருந்து வந்தது என்று. நான் இந்தக் கதையில் நிற்கிற இடம் அதுதான். அதுவரை அந்த வீட்டில் அவள் வைத்த எந்தச் சோற்றையும் எங்கிருந்து வந்தது என்று அவன் கேட்டதாகக் கதையில் இல்லை. உண்மை தெரிந்ததும் பயந்து கப்பலேறிவிட்டான். நாம் அந்த அளவுக்குக்கூடப் போகவில்லை. ருசியைப் புகழ்ந்து கட்டுரை எழுதிவிட்டுக் கை கழுவப் போய்விடுகிறோம்.

இந்தச் சித்திரையில் ஊருக்குப் போனேன். வடகம் கத்துக்கொடு என்றேன். அம்மா சிரித்தாள். "காசு?" என்றாள். பிராகில் கொடுத்ததையே தருகிறேன் என்றேன், விளையாட்டாக எடுத்துக்கொள்வாள் என்று நினைத்தேன். வாங்கி எண்ணிப் பார்த்து முந்தானையில் முடிந்துகொண்டாள். அக்காவைக் கூப்பிட்டு, "ஒனக்குப் பாதி, நீயும்தான் இத்தன வருஷம் உரிச்ச" என்றாள். அப்புறம் வெங்காய மூட்டையை என் பக்கம் தள்ளினாள். காலை ஏழு மணிக்கு உட்கார்ந்தேன். பத்து மணிக்கு ஒன்றரைக் கிலோகூட முடியவில்லை, கண் திறக்க முடியவில்லை. நடுவில் நண்பன் ஒருவன் போன் பண்ணினான். அக்காதான் எடுத்தாள்.

"வகுப்புல இருக்கான். அப்பறமா பேசுங்க."